மந்திரி வேடக்காரரும் பாலையாவும்

வானொலியில் ஒன்றுமே கேட்காத இடத்தில் பெரியவர்கள் சிரித்தார்கள். தலைமன்னார் பியரில், ரயில்வே குடியிருப்புக்கு எதிரே இருந்த நானாவின் தேத்தண்ணிக் கடையில், எனக்கு அவிழாத புதிராக இருந்தது அதுதான். எழுபதுகளின் கடைசி. ஆகாசவாணியின் ஒலிச்சித்திரம் போய்க்கொண்டிருக்கும். ஒரு முழுப் படத்தைச் சுருக்கி, அதன் வசனத்தையும் பாட்டையும் மட்டும் காதுக்குத் தருகிற நிகழ்ச்சி. அலை கடலுக்கு மேலால் வருவதாலோ என்னவோ, சில இரவுகளில் திருச்சி நிலையம் பக்கத்து வீட்டில் பேசுகிற மாதிரிக் கேட்கும்.

'காதலிக்க நேரமில்லை' படத்தில் நாகேஷ் தன் தகப்பனுக்குத் திகில் கதை சொல்கிற கட்டம் வரும். கதவு கிறீச்சிடுவது, காற்று ஊளையிடுவது எல்லாம் நாகேஷின் வாயாலேயே. நடுநடுவே அவர் நிறுத்துவார். அந்த இடைவெளியில் எங்களுக்குக் கேட்பது வானொலிப் பெட்டியின் இரைச்சல், எப்போதாவது ஒரு தொண்டைச் செருமல், அவ்வளவுதான். ஆனால் அந்த இடத்தில்தான் வாங்கில் இருந்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு குலுங்குவார்கள். பியர் வேலையாட்கள், ரிக்கற் பரிசோதகர், மீன் பெட்டிக்கு ஐஸ் உடைக்கிறவர், எல்லோரும்.

"என்னத்துக்குச் சிரிக்கிறியள்?" என்று கேட்டால் நானா பதில் சொல்வார்: "பாலையாட முகத்தைப் பாக்கல்லியா மகன்?"

வானொலியில் முகத்தை எங்கே பார்ப்பது? அவர்கள் எல்லோரும் படத்தை முன்பே பார்த்தவர்கள். காதில் நாகேஷ் விழ, மனதுக்குள் தகப்பனாக நடித்த பாலையாவை ஓடவிட்டுக்கொண்டிருந்தார்கள். பார்க்காத எங்களுக்கு அது வெறும் அமைதி. அந்த அமைதிக்குள் ஓர் ஆள் இருக்கிறார் என்பதையே மற்றவர்களின் சிரிப்பை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது.

பியர் என்று சொன்னால் எங்கள் பக்கத்தவருக்கு விளங்கும். தீவின் வடமேற்கு முனையில், கோச்சிப் பாதை முடிகிற இடத்தில், கடலுக்குள் நீண்ட இறங்குதுறை. கொழும்புக் கோட்டையில் இரவு ஏறியவர்கள் விடியவிடிய வந்து இறங்குவார்கள். சுங்கம், குடிவரவு, வரிசை, வெயில். அதன்பின் ராமேஸ்வரத்துக்குக் கப்பல். எங்கள் காலத்தில் ஓடியது 'ராமானுஜம்'. வாடைக் காற்று எழும்பும் மாதங்களில் அதுவும் ஓடாது. மலைநாட்டிலிருந்து ஒப்பந்தப்படி இந்தியாவுக்கு அனுப்பப்பட்ட தோட்டத்துச் சனங்களை அந்த வரிசையில்தான் கண்டேன். அவர்களை ஏற்றிவந்த வண்டிக்கு 'ஒப்பாரிக் கோச்சி' என்று பெயர். அந்த அழுகை எங்கள் வீட்டுத் திண்ணைக்குக் கேட்கும். அதைப் பற்றி எழுதப் போனால் இந்தக் கட்டுரை வேறு எங்கோ போய்விடும்.

கப்பலில் அங்கிருந்து வருகிறவர்கள் சேலை, சாரம், பாத்திரம், கூடவே சினிமாப் புத்தகங்களும் கொண்டு வருவார்கள். பொதி கட்டுகிற வேலைக்குப் போன பெடியன்களுக்குப் 'பேசும் படம்', 'பொம்மை' இதழ்களின் பழைய பிரதிகள் கூலியோடு கிடைக்கும். அட்டையில் சிவாஜி, எம்.ஜி.ஆர்., பிறகு கமல், ரஜினி. பாட்டுப் புத்தகங்களிலும் அப்படியே. பாலையாவின் படத்தை அந்தக் குவியலில் நான் கிளறிக் கிளறித் தேடியிருக்கிறேன். உள்ளே எங்காவது கூட்டத்தோடு கூட்டமாக, யாருடைய தோளுக்குப் பின்னாலோ நிற்பார். துணை நடிகரின் முகம் அட்டைக்கு வருவதில்லை என்ற தொழில் விதி எனக்கு அப்படித்தான் பழக்கமானது.

டி.எஸ். பாலையா பிறந்தது 1914இல். தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் விட்டதும் அதே வருடம்தான். ஊர் அன்றைய திருநெல்வேலி ஜில்லாவைச் சேர்ந்த, இன்றைக்குத் தூத்துக்குடி மாவட்டத்தில் இருக்கிற சுண்டங்கோட்டை. மன்னார் வளைகுடாவின் இந்தக் கரையில் நாங்கள், அந்தக் கரை மாவட்டத்தில் அவர். நாடக மேடையில் வளர்ந்து, 1936இல் 'சதி லீலாவதி'யில் திரைக்கு வந்தார். எம்.ஜி.ஆருக்கும் என்.எஸ். கிருஷ்ணனுக்கும்கூட அந்தப் படம்தான் தொடக்கம். இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர், கதை எஸ்.எஸ். வாசனுடையது. கதாநாயகன் எம்.கே. ராதாவைக் குடிக்கப் பழக்கிக் கெடுக்கிற கூட்டாளி வேடம் பாலையாவுக்கு. கெட்டுப்போன கதாநாயகன் கொலை செய்துவிட்டோம் என்று பயந்து ஓடுகிறான். எங்கே ஓடுகிறான் தெரியுமா? இலங்கைக்கு, தேயிலைத் தோட்டத்துக்கு. அந்தக் காலத்தில் அதற்கு வழி தனுஷ்கோடி, கப்பல், தலைமன்னார். அப்படியானால் பாலையா தன் முதல் படத்திலேயே ஒரு மனிதனை எங்கள் பியர் வழியாகத் துரத்திவிட்டிருக்கிறார். இதைப் பின்னாளில் படித்தபோது நானாவிடம் சொல்ல முடியாமல் போனது எனக்கு ஒரு குறை.

அடுத்த வருடம் 'அம்பிகாபதி'யில் தியாகராஜ பாகவதருக்கு எதிராக நின்றார். அண்ணாவின் 'வேலைக்காரி' படமானபோது (1949) கதாநாயகனின் கூட்டாளி மணி. 'தூக்குத் தூக்கி'யில் கொச்சைத் தமிழ் பேசும் சேட்டு. 'மதுரை வீர'னில் நரசப்பன். முதல் இருபது வருடமும் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் பேச்சு வேடங்கள். பேசியே கெடுப்பார், பேசியே கவிழ்ப்பார். அந்தக் குரலில் ஓர் இழுவை உண்டு. சொல்லின் கடைசி எழுத்தைச் சற்று நேரம் வாயில் வைத்திருந்துவிட்டு வெளியே விடுவார். சேட்டு பேசுவதைப் போலப் பேசிக் காட்டித்தான் நாங்கள் பியரில் சுங்கத்து வரிசையைச் சிரிக்க வைத்தோம். அடியும் வாங்கினோம்.

'காதலிக்க நேரமில்லை'யை நான் மன்னார் பட்டினத்துத் தியேட்டரில் பார்த்தேன். 1964இல் வந்த ஸ்ரீதர் படம். எங்கள் பெரியவர்களின் கணக்கில் அது 'புயலுக்கு முந்தின படம்'. அந்த வருட டிசம்பரில் தனுஷ்கோடியைக் கடல் கொண்டுபோன புயல் எங்கள் கரையையும் விட்டுவைக்கவில்லை. அதிலிருந்து கலியாணம், பிறப்பு, இறப்பு, படம் எல்லாமே புயலுக்கு முந்தி, பிந்தி என்று இரண்டாகப் பிரிந்துவிட்டன. பத்துப் பதினைந்து வருடப் பழைய படம், கோடு விழுந்த பிரதி, இடையிடையே அறுந்துபோகும். அப்பாவுக்கு விடுமுறை நாள். பெரியப்பா பேசாலையில் பஸ்ஸில் ஏறி எங்களோடு சேர்ந்துகொண்டார்.

அந்தக் கட்டம் வந்தது. நாகேஷ் கதை சொல்லத் தொடங்கியதும் நான் பாலையாவை மட்டும் பார்த்தேன். முதலில் அவர் ஒரு பணக்காரத் தகப்பன், மகன் செய்யும் பைத்தியத்தைப் பொறுத்துக்கொண்டு இருக்கிறார். பிறகு மெதுவாகக் கண் பெரிதாகிறது. உடம்பு தனக்குள்ளேயே ஒடுங்குகிறது. பயப்படுகிறோம் என்பது மகனுக்குத் தெரியக் கூடாது என்ற வீம்பும், பயமும் ஒரே முகத்தில் சண்டை பிடிக்கின்றன. ஒலிச்சித்திரத்தில் கேட்ட அந்தத் தொண்டைச் செருமல் எங்கே வருகிறது என்று இப்போதுதான் தெரிந்தது. தியேட்டர் முழுக்கச் சிரித்தது. நாகேஷ் வாய் ஓயாமல் ஆடுகிறார், மறுக்கவில்லை. ஆனால் அந்தக் கதையில் ஒன்றுமே இல்லை என்பதைக் கவனித்தீர்களா? அதைப் பயங்கரமான கதையாக ஆக்குவது கேட்டுக்கொண்டிருக்கிற மனிதர்.

திரும்பி வருகிற பஸ்ஸில் பெரியப்பா சொன்னது ஒரே ஒரு வரி: "அவன் நல்லாக் கேக்கிறான்."

நல்லாய்ப் பாடுகிறான், நல்லாய் ஆடுகிறான் என்று நடிகனைப் பாராட்டித்தான் கேட்டிருக்கிறேன். பெரியப்பா அப்படிச் சொன்னதற்குக் காரணம் இருந்தது. அவர் கூத்தில் மந்திரி. எந்தக் கூத்தானாலும் மந்திரிதான், அல்லது சேனாதிபதி, ஆள் குறைந்தால் தூதுவன். மன்னார்க் கத்தோலிக்கக் கிராமங்களின் கூத்து மரபு பெரியது. வடபாங்கு, தென்பாங்கு என்று பாடும் முறையே இரண்டு. 'மூவிராசாக்கள்', 'ஞானசவுந்தரி', 'எண்டிறீக்கு எம்பரதோர்' போன்றவற்றைப் பேராசிரியர் சு. வித்தியானந்தன் அறுபதுகளில் தேடியெடுத்து அச்சிலும் ஏற்றினார். விடியும்வரை போகிற கூத்தில் ராசாவுக்குத் தருவும் விருத்தமும் மாறி மாறி வரும். மந்திரிக்கு நாலு இடத்தில் பாட்டு. மீதி இரவெல்லாம் நிற்க வேண்டும். சரிகைத் தொப்பி, மார்புப் பதக்கம், நெற்றியில் வழியும் வேர்வை, மற்றவன் பாடிக்கொண்டிருக்கிறான். அந்த நிலையில் இருபது வருடம் நின்ற ஆளுக்கு, திரையில் ஒரு சக தொழிலாளியைக் கண்ட மாதிரி இருந்திருக்க வேண்டும்.

பெரியப்பாவின் அந்த வரியைக் காதில் வைத்துக்கொண்டு பார்த்தால், பாலையாவின் பிற்காலப் பெருங்கட்டங்கள் எல்லாமே கேட்கிற கட்டங்கள்தான். 'திருவிளையாடல்' (1965) எங்களுக்கு முதலில் ஒலிபெருக்கியில்தான் வந்தது. திருக்கேதீஸ்வரத்தில் சிவராத்திரி என்றால் வழி முழுக்கக் குழாய் கட்டிக் கதைவசனம் போடுவார்கள். கத்தோலிக்கப் பிள்ளைகளான எங்களுக்கும் நக்கீரர் பேசுவது மனப்பாடம். ஹேமநாத பாகவதர் பாண்டியன் சபையில் பாடுகிற பாட்டு வரும்போது பெரியப்பா, "குரல் பாலமுரளிகிருஷ்ணா, கழுத்து பாலையா" என்பார். படத்தைப் பார்த்தால் விளங்கும். உண்மையில் பாடிய மனிதருக்குக்கூட அவ்வளவு கர்வம் வந்திருக்காது. ஆனால் அந்தப் பாகவதரின் உச்சம் அந்தப் பாட்டு அல்ல. இரவில் விறகுவெட்டி ஒருவன் பாடுவதை அவர் கேட்கிற இடம். சிவாஜி பாடிக்கொண்டே இருக்கிறார், பாலையாவுக்கு வசனம் இல்லை. முதலில் எரிச்சல், அப்புறம் சங்கீதக்காரனுக்கு வரும் ஆசை, அதன்பின் தோல்வி. ஊரைவிட்டு ஓடப்போகிறவன் என்பது அவர் வாய் திறப்பதற்கு முன்பே முகத்தில் தெரிந்துவிடுகிறது. ஒலிபெருக்கியில் இது எதுவும் வராது. பாட்டு மட்டும் வரும்.

'தில்லானா மோகனாம்பா'ளில் (1968) தவில்காரர் முத்துராக்கு. தவில்காரன் வேலையே நாயனத்தைக் கேட்டுக்கொண்டிருப்பதுதானே. படத்தில் ரயில் பெட்டிக் கட்டம் ஒன்று உண்டு. சண்முகசுந்தரத்தின் குழுவும் மோகனாவின் குழுவும் ஒரே பெட்டியில் போகின்றன. காதலர் இருவரும் கண்ணால் பேசிக்கொள்கிறார்கள், நடுவில் பாலையா. ரயில்வே குடியிருப்புப் பிள்ளைகளான எங்களுக்கு அந்தக் கட்டம் சொந்த வீட்டு விஷயம். கோச்சியில் பக்கத்து ஆள் தூங்குகிற மாதிரிக் கிடந்து எல்லாவற்றையும் கவனிப்பதை நாங்கள் தினமும் கண்டோம். சிவாஜியும் பத்மினியும் நடிப்பது காதல். பாலையா நடிப்பது அதைத் தெரிந்தும் தெரியாத மாதிரி இருக்கிற மனிதனின் சங்கடம். எது கடினம் என்று கேட்டால் நான் பெரியப்பாவின் கட்சி.

இடையில் ஒன்று சொல்ல மறந்தேன். நானாவின் கடையில் நாங்கள் அந்தக் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தபோது பாலையா உயிரோடு இல்லை. 1972 ஜூலையிலேயே இறந்துவிட்டார். சிவாஜியின் கால் சுளுக்கினாலும் எங்கள் கரைக்குச் செய்தி வரும். பாலையா போனதை எங்கள் வீட்டில் யாரும் சொன்னதில்லை. வானொலியில் குரல் வந்துகொண்டிருந்ததால் ஆள் இருப்பதாகவே நாங்கள் வைத்துக்கொண்டோம்.

எங்கள் நாட்டிலும் பாலையாவைப் போன்ற துணை நடிகர்கள் இருந்தார்கள். இங்கே தமிழ்ப் படம் என்பது வருடத்துக்கு ஒன்றோ இரண்டோ, ஒன்றுமில்லாத வருடங்களும் உண்டு. ஆகவே நடிகன் என்பவன் பகலில் கந்தோர்க்காரன், பின்னேரத்தில் வானொலி நிலையத்து ஒத்திகைக்காரன். கரவெட்டிக்காரரான கே.எஸ். பாலச்சந்திரன் அப்படியானவர்களில் எனக்கு மிகவும் பிடித்தவர். சில்லையூர் செல்வராசன் எழுதிய 'தணியாத தாகம்' வானொலித் தொடரில் அவர் குரல் வந்தால் அம்மா அடுப்பைத் தணித்துவிட்டு வருவார். செங்கை ஆழியானின் நாவலிலிருந்து 1978இல் வந்த 'வாடைக்காற்று' படத்தில் ஏ.ஈ. மனோகரன் முன்னால் நின்றார், பாலச்சந்திரனும் ஜேசுரத்தினமும் பக்கத்தில். கதை நெடுந்தீவில் நடக்கிறது. ஆனால் காற்றுக்குத் தக்கபடி கரை மாறுகிற சனம், வாடி அடித்து மீன் பிடிக்க வருகிற வெளியூர்க்காரர் மீது உள்ளூருக்கு இருக்கிற சந்தேகம், இதெல்லாம் எங்கள் தீவிலும் அப்படியே. நீர்கொழும்பிலிருந்து வந்து வாடி போடுபவர்களை நாங்கள் ஒவ்வொரு பருவமும் பார்த்தோம்.

பாலச்சந்திரனின் புகழ் பெற்ற உருப்படி 'அண்ணை றைற்'. பஸ் கொண்டக்டர் ஒருவரின் தனிநடிப்பு. மேடையில் அவர் ஒருவர்தான், பஸ் நிறையச் சனம். பயணி ஏதோ கேட்கிறான், நமக்குக் கேட்காது. கொண்டக்டருக்குக் கேட்கிறது, முகம் மாறுகிறது, பதில் வருகிறது. ஒலிச்சித்திரத்தை அப்படியே தலைகீழாக்கின மாதிரி. அங்கே கேட்பவனின் முகம் இல்லை, இங்கே பேசுபவனின் குரல் இல்லை. பாலச்சந்திரன் பிறகு கனடா போய், அங்கே எடுத்த தமிழ்ப் படங்களில் தகப்பனாகவும் மாமாவாகவும் நடித்து, 2014இல் ரொறன்ரோவில் காலமானார்.

கப்பல் 1984இல் நின்றது. 1990இல் கோச்சியும் நின்றது. நானாவையும் மற்ற முஸ்லிம்களையும் அந்த வருட ஒக்ரோபரில் வெளியேற்றினார்கள். எங்கள் குடும்பம் அதற்கு முன்பே படகில் அக்கரை போயிருந்தது. மண்டபம் முகாமில் இருந்தபோதுதான் 'கரகாட்டக்காரன்' பார்த்தோம், தொலைக்காட்சிப் பெட்டிக்கு முன்னால் நூறு பேர். கரகாட்டக் குழுவில் ஒரு முகத்தைக் கண்டதும் பெரியப்பா, "இது ஆர்?" என்றார். ஜூனியர் பாலையா. சொந்தப் பெயர் ரகு, 1975இல் 'மேல்நாட்டு மருமக'ளில் வந்தவர். தகப்பன் விட்ட இடத்தில் மகன், அதே வரிசையில், கதாநாயகனுக்குப் பின்னால். பிறகு ராதிகாவின் 'சித்தி' தொடரில் கண்டேன். 2012இல் 'சாட்டை'யில் தலைமையாசிரியராக வந்தபோது அவருக்கு வயது அறுபதை நெருங்கிவிட்டது. படத்தின் நல்ல முகம் அதுதான். 2023 நவம்பரில் அவரும் போனார். இந்த முறை செய்தி எனக்கு அன்றைக்கே கிடைத்தது.

இவை பின்னாளில் கோர்த்துக்கொண்டவை. சின்ன வயதில் எனக்கு இருந்த ஒரே நடிப்புப் பள்ளிக்கூடம் பேசாலையில், பெரியப்பா வீட்டு முற்றம். 'மூவிராசாக்கள்' பழகினார்கள். பெற்றோல்மாக்ஸ் வெளிச்சம், கருவாட்டு மணம், வேலிக்கு வெளியே நின்று இலையைக் கடிக்கிற கழுதைகள். ஏரோது ராசாவுக்குப் பக்கத்தில் வாளோடு நிற்க ஒரு சேவகன் தேவைப்பட்டான். பாட்டு இல்லை, பேச்சும் இல்லை. அண்ணாவியார் என்னைப் பார்த்தார், பெரியப்பா தலையாட்டினார்.

ஏரோது தரு தொடங்கியதும் நான் முற்றத்தில் இருந்த என் கூட்டாளிகளைப் பார்த்துப் பல்லைக் காட்டினேன். மத்தளம் நின்றது. பெரியப்பா வந்து என் தாடையைப் பிடித்து ராசாவின் பக்கம் திருப்பிவிட்டார்.

"குழந்தையளை வெட்டச் சொல்லிக் கட்டளை போடுறான். நீதான் வெட்டப் போறாய். கேள்."

மறுபடி முதலிலிருந்து பாடினார்கள். ஏரோதாக நடித்தவர் எங்கள் தெருவில் வலை பொத்துகிறவர், நல்ல மனிதர். அந்தக் குரலைக் கேட்டபடியே நின்றேன். கொஞ்ச நேரத்தில் காலில் ஒன்று, காதடியில் ஒன்று.

"பெரியப்பா, நுளம்பு கடிக்குது."

"ராசா பாடி முடிக்கட்டும்."

"அதுக்கு எவ்வளவு நேரம் செல்லும்?"

"இன்னும் பன்னிரண்டு தரு இருக்கு," என்றார் அண்ணாவியார், ஏட்டைப் பார்த்துக்கொண்டே.